எதிராளியின் அக்கா

கொழும்பு புதுக்கடை நீதிமன்றத்தில் ஒரு பெயரைக் கூப்பிட்டு யாரும் எழும்பாவிட்டால், வாசலில் நிற்கும் உத்தியோகத்தர் வெளி விறாந்தைக்குப் போய் இன்னும் உரக்கக் கூப்பிடுவார். அதற்கும் பதில் இல்லையென்றால் நீதிபதி தலை நிமிராமலே ஒரு வரி எழுதுவார். வழக்காளி வரவில்லை, வழக்குத் தள்ளுபடி. போட்டவருக்கே அக்கறை இல்லாத வழக்கை நாங்கள் ஏன் கட்டி அழவேண்டும் என்பதுதான் அதன் அர்த்தம். சட்டத்தரணியாக நானும் அந்த வரியை எத்தனையோ தடவை கொட்டாவி விட்டபடி கேட்டிருக்கிறேன். ஒருவர் விஷயத்தில் மட்டும் அது இன்னும் எனக்குத் தொண்டையில் நிற்கிறது.

அவருடைய பெயரை எழுதப்போவதில்லை. எழுதினால், "என்ர பேரைக் கோட்டில கூப்பிட்டது காணாதெண்டு இதிலயும் கூப்பிடுறியோ?" என்று சண்டைக்கு வருவார். அன்ரி என்றே வைத்துக்கொள்கிறேன். வெள்ளவத்தையில் கடல் பக்கம் இறங்கும் ஒழுங்கை ஒன்றில், மாடி வீட்டில் தனியாக இருந்தார். தபால் கந்தோரில் வேலை செய்து ஓய்வு பெற்றவர். கணவர் காலமாகிவிட்டார், ஒரே மகள் கனடாவில். நான் அப்போதுதான் படித்து முடித்து, புதுக்கடையில் ஒரு மூத்த சட்டத்தரணியிடம் ஜூனியராகச் சேர்ந்திருந்தேன். எல்லாரும் சேர் என்று கூப்பிடும் அந்த மனிதரின் கட்சிக்காரர்தான் அன்ரி. வழக்கு அவருடைய கூடப்பிறந்த தம்பிக்கு எதிரானது.

கொட்டாஞ்சேனையில் இருந்த தாய் தகப்பன் வீட்டைத் தகப்பன் கடைசிக் காலத்தில் தம்பியின் பெயருக்கு உறுதிப்பத்திரம் எழுதிக் கொடுத்துவிட்டார். அப்பா நல்ல நினைவோடு அதில் கையெழுத்து வைக்கவில்லை, உறுதியை ரத்துச் செய்யவேண்டும் என்பது அன்ரியின் கோரிக்கை. செத்தவீட்டு எட்டாம் நாள் சடங்கு முடிந்த அன்றே அக்காவும் தம்பியும் வாய்த்தர்க்கப்பட்டு, "இனி இந்த வாசல் மிதிக்காதை" என்று தம்பி சொல்ல, "நீ வந்து கூப்பிடுமட்டும் மிதிக்கன்" என்று இவர் சொல்லிவிட்டு வந்திருக்கிறார். அதற்குப் பிறகு இரண்டு வீட்டுக்கும் நல்லது கெட்டது இல்லை. அன்ரியின் மகளுடைய கல்யாணத்தில் மாமன் உடைக்கவேண்டிய தேங்காயை ஒன்றுவிட்ட யாரோ ஒருவர் உடைத்தார்.

கதையைக் கேட்டபோது நானும் எல்லாரையும்போல, வீட்டுக்காக அடித்துக்கொள்ளும் இன்னொரு யாழ்ப்பாணத்துக் குடும்பம் என்றுதான் நினைத்தேன். முதல் தவணைக்கு அவரோடு நீதிமன்றத்தில் போய் இருந்த அன்றே அந்த எண்ணம் ஆட்டம் கண்டது.

அன்ரி தம்பியின் பெயரைச் சொல்லவே மாட்டார். "எதிராளி" என்பார். சட்டப் புத்தகத்தில் இருந்து எடுத்த சொல் அவர் வாயில் வரும்போது ஏதோ செல்லப்பெயர்போலக் கேட்கும். தூண் மறைக்காத வாங்காகப் பார்த்து உட்காருவார். தம்பி உள்ளே வந்ததும் மேலிருந்து கீழ்வரை பார்ப்பார். பிறகு என் காதுக்குள் குற்றப்பத்திரிகை வாசிக்கத் தொடங்குவார்.

"எதிராளி மெலிஞ்சுபோனான், பார்."

"ஓம் அன்ரி."

"என்ன ஓம்? பெண்சாதிக்காரி என்ன செய்யிறாள் எண்டு கேக்கிறன். சேட்டில ஒரு பொத்தானைக் காணேல்லை. இப்பிடி வாறது கோட்டை அவமதிக்கிறது இல்லையோ? குறிச்சு வை, பிள்ளை."

அதுதான் அவருடைய சுபாவம். யார்மேலாவது அன்பு வந்தால் அதை ஒரு குற்றச்சாட்டாகத்தான் அவருக்குச் சொல்லத் தெரியும். நான் குளித்துவிட்டுத் தலை துவட்டாமல் வந்தால், "தடிமன் வந்து எங்களுக்கெல்லாம் தொத்தவைக்கப் பாக்கிறாய், என்ன?" என்பார். வெள்ளவத்தையிலிருந்து அவரை ஏற்றி வரும் திரீவீல்காரப் பெடியன் காலைச் சாப்பாடு சாப்பிடவில்லை என்று தெரிந்தால், "பசியில கண் இருண்டு என்னைக் கொண்டுபோய் பஸ்ஸுக்குள்ள விடத்தான் திட்டம் போடுறாய்" என்று ஏசி ஏசியே இடியப்பம் வாங்கிக் கொடுப்பார். ஏச்சு இல்லாமல் அவர் கையால் ஒருவரும் ஒன்றும் வாங்கித் தின்றதில்லை. எனக்கு முதலில் எரிச்சல்தான் வந்தது. பிறகு ஒரு நாள் அவர் என்னை ஒன்றுமே சொல்லாமல் விட்டபோது, ஏதோ பிழை செய்துவிட்டேன் என்று பயந்து போனேன்.

விசாரணைக்கு ஆயத்தம் செய்யும்போது, குறுக்கு விசாரணையில் எதிராளியிடம் கேட்க ஏதாவது உண்டா என்று சேர் அவரைக் கேட்டார். அன்ரி நன்றாக யோசித்தார்.

"கேளுங்கோ, பிறஷர் குளிசை ஒழுங்காப் போடுறவனோ எண்டு."

"அக்கா, அதுக்கும் உறுதிக்கும் என்ன சம்பந்தம்?"

"சம்பந்தம் இருக்கோ இல்லையோ, சத்தியம் பண்ணிப்போட்டு நிக்கேக்க கேட்டாத்தான் உண்மை சொல்லுவான். மற்ற நேரம் போடுறன் போடுறன் எண்டு பொய்தான் சொல்லுவான். சின்னனில இருந்தே அப்பிடித்தான்."

சேர் பேனையை மூடிவைத்துவிட்டு என்னைப் பார்த்தார். அன்ரி போனபிறகு, "நீரடிச்சு நீர் விலகுமோ? இதுகள் எங்களையும் சேத்து அலைக்கழிக்குதுகள்" என்று அலுத்துக்கொண்டார்.

எனக்குத் தெரிந்து வழக்கு ஒத்திவைக்கப்படும்போது சந்தோசப்பட்ட ஒரே வழக்காளி அவர்தான். மற்றவர்கள் நீதிபதி லீவு என்றால் தலையில் கைவைப்பார்கள். இவர், "அடுத்த தவணை எப்ப?" என்று கேட்டு, கைப்பையைப் பூட்டி, மிக நிம்மதியாக எழும்புவார். தம்பியும் அவசரப்பட்ட ஆளாகத் தெரியவில்லை. கொட்டாஞ்சேனையில் ஹார்ட்வெயார் கடை வைத்திருந்தவர், சட்டத்தரணியை அனுப்பிவிட்டுத் தான் கடையில் இருந்திருக்கலாம். ஒரு தவணைக்கும் வராமல் விட்டதில்லை. ஒரு நாள் சனம் நெருக்கி, அன்ரி புழுக்கத்தில் நின்றுகொண்டிருந்தார். விசிறிக்குக் கீழே இருந்த தம்பி எழும்பிப்போய்ச் சுவரோடு சாய்ந்து நின்றார். அந்த இடத்தில் அன்ரி உட்கார்ந்தார்.

"பாத்தியோ, ஆக்களை இடிச்சுக்கொண்டு எழும்பிப் போறான். மரியாதை தெரியாதவன்" என்றார் என்னிடம்.

இன்னொரு நாள் நீதிமன்றத்துக்கு எதிரே உள்ள கடையில் தேநீர் குடித்துக்கொண்டிருந்தோம். தூரத்து மேசையில் தம்பி தனியாக இருந்தார். "எதிராளி வெறுந்தேத்தண்ணி குடிக்கிறான்" என்று அன்ரி முறைப்பாடு சொன்னார். பிறகு பரிமாறுகிற ஆளைக் கூப்பிட்டு, "மல்லி, ரோல்ஸ் தெகக் அர மேசெயட்ட தென்ன" என்று சிங்களத்தில் அந்த மேசைக்கு இரண்டு ரோல்ஸ் வைக்கச் சொன்னார். யார் வாங்கிக் கொடுத்தது என்று சொல்லக்கூடாது என்பது கட்டளை. ரோல்ஸ் வந்ததும் தம்பி கடையைச் சுற்றிப் பார்க்கவில்லை. குனிந்த தலையோடு இரண்டையும் தின்று முடித்தார். யார் அனுப்பியது என்று தெரியாத ஒருவர் அப்படித் தின்னமாட்டார்.

"நேர போய்க் கதைச்சா என்ன அன்ரி?" என்று அன்றைக்குப் பொறுக்கமுடியாமல் கேட்டேன்.

"எதிராளியோட கதைக்கப்படாது. சட்டம் படிச்சனீ, உனக்குத் தெரியாதோ?"

அப்படி ஒரு சட்டம் இல்லை என்று சொன்னேன். அவர் கைப்பையைத் திறந்து ரோல்ஸுக்குக் காசு எண்ணத் தொடங்கினார்.

கொரோனா வந்து நீதிமன்றங்களைப் பூட்டியபோதுதான் அந்த மனிசி எவ்வளவு தவித்தது என்பதை நான் கண்டேன். காலையில் போன் அடிக்கும். "கோடு திறக்கிறாங்களாமோ?" இல்லை என்றால், "கொட்டாஞ்சேனைப் பக்கம் கனபேருக்கு வருத்தமாம், உண்மையோ?" என்பார். நான் கொட்டாஞ்சேனையில்தான் குடியிருந்தேன். "அந்த ஹார்ட்வெயார் கடைப் பக்கம் போனால், திறந்திருக்கோ எண்டு ஒருக்காப் பார். வழக்குக்குத் தேவைப்படும்" என்று வேறு சொல்வார். எதற்குத் தேவைப்படும் என்று நான் கேட்கவில்லை. கடைக்கதவு அரைவாசி திறந்திருக்கிறது, ஆள் முகக்கவசத்தோடு உள்ளே இருக்கிறார் என்று அறிக்கை கொடுத்தேன். "முகக்கவசம் மூக்கை மூடியிருக்கோ?" என்று கேட்டார். அவர் அனுப்பிய ஒற்றர்போல நான் தெருத்தெருவாக அவருடைய எதிராளியைத் தேடித் திரிந்த காலம் அது. அதை நினைத்தால் இப்போதும் சிரிப்பும் வரும், கண்ணும் கலங்கும்.

நீதிமன்றம் மறுபடி திறந்து, முதல் தவணைக்குத் தம்பி வந்தபோது ஆள் நன்றாகத் தளர்ந்திருந்தார். எங்கள் வழக்கு நடக்கும் மண்டபம் மாடியில். பாதிப் படியில் நின்று, கைப்பிடியைப் பிடித்து மூச்சு வாங்கினார். கீழே நின்ற அன்ரி அதைப் பார்த்துக்கொண்டே நின்றார். அன்று என் காதுக்குள் ஒரு குற்றச்சாட்டும் வரவில்லை. அடுத்தது விசாரணைத் தவணை, கட்டாயம் வரவேண்டும் என்று சேர் சொன்னதற்கும் தலையை மட்டும் ஆட்டினார்.

அந்தத் தவணைக்கு முதல் வாரம் என்னை வீட்டுக்குக் கூப்பிட்டார்.

"பிள்ளை, நான் வராமல் விட்டா வழக்கு என்னாகும்?"

"தள்ளுபடியாகும் அன்ரி. நீங்கள்தான் போட்டது. நீங்கள் வந்து நடத்தாட்டி அவ்வளவுதான்."

"வாபஸ் வாங்கினன் எண்டு நான் எங்கயும் கையெழுத்து வைக்கத் தேவையில்லையே?"

"இல்லை. அது தன்ர பாட்டில விழுந்திடும்."

அவருக்கு முகம் மலர்ந்தது. "அப்ப நல்லது. நான் தோத்ததும் இல்லை, விட்டுக்குடுத்ததும் இல்லை. அவனுக்கும் இனி அந்தப் படி ஏறத் தேவையில்லை. வழக்கு இருக்கிறபடியாத்தானே அவன் இஞ்ச வராமல் இருக்கிறான்? இடையில ஒண்டும் இல்லையெண்டா வருவான்."

இப்படி ஒரு கணக்கை எங்கள் ஆட்கள்தான் போடுவார்கள். ஒரு போன் எடுத்து 'வா' என்று சொல்வதற்குப் பதிலாக, வருசக்கணக்காகக் கட்டிக்காத்த வழக்கைச் சத்தமில்லாமல் சாகவிட்டு, அதில் இருந்து அவன் 'வா' என்பதை விளங்கிக்கொள்ளவேண்டும் என்று எதிர்பார்ப்பது. "அவருக்கு ஒரு சொல்லுச் சொல்லிவிடட்டோ?" என்று கேட்டேன். "சொன்னா அது கூப்பிட்டமாதிரிப் போயிடும்" என்றார்.

தவணை அன்று பெயரைக் கூப்பிட்டார்கள். விறாந்தையிலும் கூப்பிட்டார்கள். நான் எழுந்து, கட்சிக்காரர் வரவில்லை, எனக்கு அறிவுறுத்தலும் இல்லை என்று சொன்னேன். நீதிபதி பேனையை எடுத்தார். அப்போதுதான் எதிர்ப்பக்க வாங்கில் இருந்து தம்பி எழும்பினார். தன் சட்டத்தரணி கையைப் பிடித்து இழுத்ததையும் உதறிவிட்டு முன்னுக்கு வந்தார்.

"சுவாமீனி, அக்கா எய். பொட்டக் இன்ன" என்றார். ஐயா, அக்கா வருவா, கொஞ்சம் பொறுங்கோ. கடையில் அவசரப்படும் ஆட்களுக்குச் சொல்கிற அதே சிங்களம், அதே கையமர்த்தல். மண்டபத்தில் சிரிப்பு எழுந்தது. நீதிபதிக்கும் சிரிப்பு வந்துவிட்டது. நீர் பிரதிவாதி, வழக்காளி வராவிட்டால் உமக்குத்தானே நல்லது, வீட்டுக்குப் போம் என்று சிங்களத்தில் விளங்கப்படுத்தினார்.

"அவ ஒரு நாளும் வராமல் விட்டதில்லை" என்று தம்பி திரும்பத் திரும்பச் சொன்னார். கடைசி வார்த்தைகள் தமிழுக்கு மாறிவிட்டன, அவருக்கே தெரியவில்லை. வழக்கு தள்ளுபடியானது.

விறாந்தையில் என்னைப் பிடித்துக்கொண்டார். இத்தனை காலத்தில் அவர் என்னோடு பேசியது அதுதான் முதல் முறை.

"பிள்ளை, அக்காவுக்கு என்ன? ஆஸ்பத்திரியிலயோ?"

"இல்லை ஐயா, சுகமா இருக்கிறா. வழக்கு வேண்டாம் எண்டு அவதான் விட்டவ. நீங்கள் ஒருக்கா வீட்டை போய்ப் பாருங்கோவன்."

"வேண்டாம் எண்டு விட்டுட்டாவோ?" அவர் முகம் சுருங்கிப்போனது. "அப்ப என்னைப் பாக்கிறதும் காணும் எண்டு நினைச்சிட்டா போல." நான் சொன்ன மிச்சம் எதுவும் அவருக்கு ஏறவில்லை. கைப்பிடியைப் பிடித்துப் பிடித்து இறங்கிப் போனார்.

வெள்ளவத்தையில் அன்ரி அன்றைக்கு நண்டுக் கறி சமைத்து வைத்திருந்தார். மத்தியானம் போய், பின்னேரமும் போயிற்று. நான் போய் நடந்ததைச் சொன்னபோது, "பொட்டக் இன்ன எண்டோ சொன்னவன்? நீதவானுக்கோ? விசரன்" என்றார். திரும்பவும் சொல்லச் சொன்னார். சொன்னேன். இன்னொருமுறை சொல்லச் சொன்னபோது அவருடைய கண்ணிலிருந்து தண்ணீர் ஓடிக்கொண்டிருந்தது. அவர் அழுது நான் அன்றுதான் பார்த்தேன். எனக்கு அந்த மனிசியைக் கட்டிப்பிடிக்கவேண்டும்போல் இருந்தது. கட்டிப்பிடித்தேன். "விடு, வேர்வை" என்று ஏசினார்.

சில நாட்கள் பொறுத்துப் பார்த்துவிட்டு, அவர் சேரிடம் வந்து வழக்கைத் திரும்ப எடுக்கமுடியுமா என்று கேட்டார். முடியும். மனுவும் சத்தியக்கடதாசியும் போட்டு, வராமல் போனதற்கு நியாயமான காரணம் காட்டவேண்டும். காய்ச்சல் என்று சொல்லி ஒரு டொக்டர் துண்டு இணைப்போம், எல்லாரும் செய்வதுதான் என்றார் சேர்.

"வருத்தம் எண்டு சொல்லேலாது" என்றார் அன்ரி.

"ஏன் அக்கா?"

"அவன் கேட்டுக்கொண்டு இருப்பான். பயந்துபோவான்."

சேர் எவ்வளவோ சொல்லிப் பார்த்தார். அன்ரி அசையவில்லை. கடைசியில் சொந்தக் காரணம் என்று மட்டும் எழுதி மனுவைப் போட்டோம். தவணை அன்று நீதிபதி அவரையே சாட்சிக் கூண்டில் ஏறச்சொல்லி, என்ன சொந்தக் காரணம் என்று கேட்டார். அன்ரி கூண்டின் விளிம்பைப் பிடித்துக்கொண்டு நின்றார். தம்பி எதிரே இருந்தார். தூண் ஒன்றும் மறைக்கவில்லை.

"வழக்கு இல்லாட்டி அவன் வீட்டை வருவான் எண்டு நினைச்சன், ஐயா. அதுதான் வரேல்லை. அவன் வரேல்லை. இப்ப வழக்கும் இல்லை, அவனும் இல்லை."

மொழிபெயர்ப்பாளர் அதை ஒவ்வொரு வாக்கியமாகச் சிங்களத்தில் சொன்னார். தம்பி தன் அக்காவின் வாயிலிருந்து ஒரு முறையும், முன்பின் தெரியாத ஒரு மனிதரின் வாயிலிருந்து இன்னொரு முறையும் அதைக் கேட்டார். தன் சட்டத்தரணியின் கறுப்பு அங்கியைப் பிடித்து இழுத்தார். சட்டத்தரணி எழுந்து, மனுவுக்குத் தங்களுக்கு ஆட்சேபனை இல்லை என்றார். எனக்கு மூச்சு வந்தது.

நீதிபதி கண்ணாடியைக் கழற்றினார். நல்ல மனிதர், இன்றும் அவர்மேல் எனக்குக் கோபமில்லை. வழக்காளி வேண்டுமென்றே வராமல் விட்டிருக்கிறார், எதிர்த்தரப்பு சம்மதித்தாலும் அதை நியாயமான காரணமாக ஏற்கச் சட்டத்தில் இடமில்லை என்று மனுவைத் தள்ளினார். பிறகு, உங்கள் இருவருக்கும் நீதிமன்றம் தேவையில்லை, வீட்டுக்குப் போய்க் கதையுங்கள் என்றார். அந்த மண்டபத்தில் நான் கேட்ட கட்டளைகளில் இவ்வளவு இலகுவானதும் இல்லை, நிறைவேறாததும் இல்லை.

வாசலில் இருவரும் நின்றார்கள். இருவருக்கும் நடுவில் நாலு அடி தூரம்கூட இருக்காது. அன்ரி கைப்பையைத் திறந்து மூடினார். தம்பி தெருவைப் பார்த்தார். இவர் 'வா' என்று சொல்லவில்லை, அவர் 'வாறியோ' என்று கேட்கவில்லை. தானாடாவிட்டாலும் தசை ஆடும் என்பார்கள். ஆடிய தசையை இருவரும் அமத்திப் பிடித்துக்கொண்டு நின்றதை நான் பார்த்தேன். திரீவீல் வந்ததும் அன்ரி ஏறினார்.

அடுத்த வருசம் மகள் வந்து அவரைக் கனடாவுக்குக் கூட்டிப்போய்விட்டாள். போகும் முன்னர் என் கந்தோருக்கு வந்து, என்னுடைய செருப்பு சட்டத்தரணிக்குப் போடக்கூடிய செருப்பு இல்லை என்று ஏசி, புதியது ஒரு சோடி தந்துவிட்டுப் போனார். இப்போது எனக்குத் தனிக் கந்தோர். என்னை ஏச ஒருவருமில்லை. ஈரத்தலையோடுதான் திரிகிறேன். அவர் போன் எடுத்தால் குளிரைப் பற்றியும் மகளைப் பற்றியும் முறைப்பாடு சொல்வார். எதிராளியைப் பற்றி ஒரு சொல்லும் கேட்கமாட்டார். கேட்காமலே லைனில் கொஞ்ச நேரம் இருப்பார். நானாகவே, ஹார்ட்வெயார் கடை திறந்திருக்கிறது என்று சொல்லுவேன்.

அவருடைய தம்பி இடைக்கிடை என்னிடம் வருவதுண்டு. தடி ஊன்றி வருகிறார். என் கந்தோர் கீழ்த்தளத்தில் இருப்பது நல்லதாய்ப் போயிற்று. கதிரையில் இருக்கச் சொன்னாலும் இருக்கமாட்டார்.

"அக்கா என்மேல ஏதும் வழக்குப் போட்டிருக்கிறாவோ?"

"இல்லை ஐயா. நம்பர் தரட்டோ? எடுத்துக் கதையுங்கோவன்."

"எடுத்து என்னத்தைக் கதைக்கிறது?" என்று கையை விரிப்பார். போன கிழமையும் அப்படித்தான் கேட்டார், அப்படித்தான் கையை விரித்தார். வாசல்வரை போனவர் திரும்பி நின்றார்.

"போடச் சொல்லுங்கோ, பிள்ளை. என்னத்துக்கெண்டாலும் சரி. நான் ஒரு தவணையும் விடமாட்டன்."